மணிபல்லவத்துப் பீடிகையும் பாத்திரமும்: தீவகத்தின் புனைவொன்று பற்றிய சமூக வரலாற்று நோக்கு

உள்ள உலகினை உள்ளபடி ஏற்க மறுக்கும் மனிதர், அதனை மாற்றவல்ல கருவியொன்றைக் கற்பனையிற் படைத்துக்கொள்ளுதல் உலக இலக்கியங்கள் பலவற்றிற் காணப்படும் பண்பாகும். பின்லாந்து மக்களின் வாய்மொழிப் பாடல்களைத் தொகுத்து எலியாஸ் லொன்ரொட் 1835 இல் வெளியிட்ட கலேவலாவிலே, மாவும் உப்பும் பொன்னும் ஓயாது அரைத்துத் தரும் ‘சம்போ’ என்னும் ஆலை வருகின்றது. மத்தியகால ஐரோப்பாவின் பாமரக் கதைகள், உழைக்காமலே உணவு வாயில் வந்து விழும் ‘கொக்கெய்ன்’ என்னும் நாட்டைக் கனவு கண்டன. வனவாசம் சென்ற பாண்டவருக்குச் சூரியன் அளித்த அட்சய பாத்திரத்தை மகாபாரதம் கூறும். தமிழிலே இவ்வரிசையில் வைத்து எண்ணத்தக்கது மணிமேகலையின் அமுதசுரபி ஆகும். அது கிடைத்த இடம் மணிபல்லவம் என்றும், மணிபல்லவம் என்பது யாழ்ப்பாணத்துத் தீவகத்தைச் சேர்ந்த நயினாதீவே என்றும் இப்பிரதேச மக்கள் நீண்டகாலமாக நம்பி வந்துள்ளனர்.

இத்தகைய கருவிகளை வெறும் அற்புதங்கள் என ஒதுக்கிவிடுவது எளிது. ஆயின், ஒரு சமுதாயம் எதனை அற்புதமாகக் கருதுகின்றது என்பது, அச்சமுதாயத்தில் எது கிடைத்தற்கரியதாய் இருந்தது என்பதைக் காட்டும். சோறு எளிதிற் கிடைத்த இடத்திலே சோறு சுரக்கும் பாத்திரம் தோன்றியிருக்க முடியாது. இல்லாததைக் கனவு காணும் ஆற்றலிலே வரலாற்றின் முன்னோக்கிய அசைவின் கூறொன்று உண்டென ஜேர்மானிய மார்க்சியச் சிந்தனையாளர் எர்ணஸ்ட் புளொக் நம்பிக்கை பற்றிய தமது பெருநூலிலே விரிவாக நிறுவியுள்ளார். இந்நோக்கிலே மணிபல்லவத்தை அணுகும்போது, அத்தீவில் ஒன்றன்றி இரண்டு அற்புதக் கருவிகள் இருந்தமை புலனாகும். ஒன்று, பழம்பிறப்பு உணர்த்தும் புத்த பீடிகை. மற்றையது, பசி தீர்க்கும் பாத்திரம். இவ்விரண்டுக்கும் இடையிலான முரண்பாடே இக்கட்டுரையின் பொருளாகும்.

முதலில் இடம் பற்றிய செய்திகளைச் சுருக்கமாக நோக்குவோம். சீத்தலைச் சாத்தனாரின் காப்பியத்தை உ. வே. சாமிநாதையர் 1898 இல் அச்சிட்டு வெளியிட்டதன் பின்னரே அது கற்றோர் மத்தியிற் பரந்த வழக்குப் பெற்றது. காப்பியம், புகார் நகரிலிருந்து தெற்கே முப்பது யோசனைத் தூரத்தில் மணிபல்லவத்தை அமைக்கின்றது. அத்தீவிலிருந்த மணிப்பீடத்துக்காக நாகநாட்டு அரசர் இருவர் போரிட்டனர் என்றும், புத்தர் தோன்றி அப்போரை நிறுத்தி அதில் அமர்ந்து அறம் உரைத்தார் என்றும் கூறுகின்றது. பாளி மொழியிலமைந்த மகாவம்சமும் இதனையொத்த கதையொன்றைத் தருகின்றது. நாகதீபத்திலே மகோதரன், சூளோதரன் என்னும் நாக அரசர் இருவர் மணியாசனம் ஒன்றின் பொருட்டுப் போருக்கு எழுந்தனர் என்றும், புத்தர் அவர்களைச் சமாதானப்படுத்தினார் என்றும் அது கூறும். ஒரே தொன்மரபின் இரு வடிவங்கள் தமிழிலும் பாளியிலும் வழங்கியமை, இத்தீவுகள் ஒரு காலத்திற் பல மொழியினரும் பல சமயத்தினரும் கலந்து பழகிய கடல்வழிச் சந்திகளாய் இருந்தமைக்குச் சான்றாகும்.

நாகதீபம் என்பது நயினாதீவை மட்டுமே குறித்ததா, அன்றி யாழ்ப்பாணக் குடாநாடு முழுவதையுமே குறித்ததா என்பது நெடுநாளைய ஆராய்ச்சிப் பொருளாகும். 1936 இல் வல்லிபுரத்திற் கிடைத்த பொற்சாசனம் ‘நகதிவ’ என்னும் பெயரை ஆளுகைக்குட்பட்ட ஒரு பிரதேசத்தின் பெயராகத் தருதலின், அது குடாநாட்டையே குறித்தது எனக் கொள்வோர் பலர். முதலியார் செ. இராசநாயகம் 1926 இல் வெளியிட்ட பண்டைய யாழ்ப்பாணம் பற்றிய தமது ஆங்கில நூலில், மணிமேகலையை இப்பிரதேச வரலாற்றின் மூலாதாரங்களுள் ஒன்றாக எடுத்தாண்டார். இவ்வாராய்ச்சிகளின் பயனை நாம் குறைத்து மதிப்பிடவில்லை. எனினும் இவை பெரும்பாலும் பீடிகை எங்கே இருந்தது, அது யாருக்கு உரியது என்ற வினாக்களைச் சுற்றியே நிகழ்ந்தன என்பதை மனங்கொள்ளல் வேண்டும். பாத்திரம் எதற்காக இருந்தது என்ற வினா அருகியே எழுப்பப்பட்டது.

பீடிகையின் தொழிற்பாடு யாது? அதனை வணங்கிய மணிமேகலைக்குத் தன் முற்பிறப்பு விளங்குகின்றது. முற்பிறப்பிலே தான் இலக்குமி என்பவளாய் இராகுலன் என்னும் அரசகுமாரனுக்கு மனைவியாய் இருந்தமையையும், அவனே இப்பிறப்பிலே தன்னைத் துரத்தும் உதயகுமரன் என்பதையும் அவள் அறிகின்றாள். அதாவது, நிகழ்காலத்திலே தாறுமாறாய்த் தோன்றுவன யாவற்றுக்கும் இறந்தகாலத்திலே ஒரு காரணம் காட்டப்படுகின்றது. வேறு விதமாய் நிகழ்ந்திருக்கக்கூடிய எதுவும் இங்கு இல்லை. நடந்தது நடந்தேயாக வேண்டியதாயிற்று.

இக்கருத்துநிலையின் சமுதாய உள்ளடக்கம் உதயகுமரனின் மரணத்திலே தெளிவாகின்றது. அவன் விஞ்சையனாகிய காஞ்சனனால் வெட்டுண்டு இறக்கின்றான். முற்பிறப்பிலே, உணவு கொண்டுவந்த மடையன் கால் தளர்ந்து கலங்களுடன் வீழ்ந்தபோது அவனை வெட்டிக் கொன்ற தீவினையே இப்போது உருத்து வந்தது எனக் கந்திற்பாவை விளக்கம் தருகின்றது. சமையற்காரன் ஒருவன் கால் இடறியமைக்காகக் கொல்லப்படுகின்றான். அரசகுமாரனை அப்பிறப்பிலே கேட்பார் எவருமிலர். கொலையுண்ட உழைப்பாளிக்கு உரிய நீதி அடுத்த பிறப்புக்கு ஒத்திவைக்கப்படுகின்றது. கொடுமை கொடுமையென ஒப்புக்கொள்ளப்படுகின்றது என்பதிலே இக்கோட்பாட்டுக்கு ஒரு மனிதநேயப் பெறுமானம் உண்டு. ஆயின், இவ்வுலகிலே இப்பொழுது எதனையும் மாற்றவேண்டிய தேவையை அது நீக்கிவிடுகின்றது.

பாத்திரத்தின் கதை இதற்கு நேர்மாறானது. அதன் முதல் உரிமையாளன் ஆபுத்திரன். பார்ப்பனியாகிய சாலி கருவுயிர்த்து விட்டுச்சென்ற குழவியாய், பசுவினாற் பாலூட்டப்பட்டு வளர்ந்தவன். வேள்விக்குக் கொண்டுவரப்பட்ட பசுவை விடுவிக்க முயன்றமையால் அந்தணரின் பகைக்கு ஆளாகி, பிறப்பிழிவு கூறி விலக்கப்பட்டவன். மதுரையிற் சிந்தாதேவி கோயிலின் அம்பலத்திலே தங்கி, பிச்சை ஏற்றதைக் குருடர், செவிடர், முடவர், பேணுநரில்லாதோர், நோயாளர் முதலியோருக்கு அளித்து எஞ்சியதை உண்டவன். மழை பெய்த ஓர் இரவிலே பசியால் வாடி வந்தோருக்குக் கொடுக்க ஏதுமின்றி அவன் கலங்கியபோதே தேவி அவனுக்கு அப்பாத்திரத்தை அளிக்கின்றாள். சாதியால் விலக்கப்பட்டவன் கையிலேயே அற்புதக் கருவி முதன்முதல் சேர்கின்றது என்பது தற்செயலானதன்று. பசியின் கொடுமையை அறிந்தவனே அதன் நீக்கத்தையும் கற்பனை செய்கின்றான்.

இரண்டாம் முறை அது பரத்தையர் குலத்தவளெனச் சமுதாயம் முத்திரை குத்திய இளம் பெண்ணொருத்தியின் கையை அடைகின்றது. மணிமேகலா தெய்வம் அவளுக்கு முன்னரே மூன்று மந்திரங்களை அளித்திருந்தது: வேற்றுருக் கொள்ளல், விசும்பிலே செல்லல், தன் பசி தணித்தல். தன் பசியைத் தீர்க்க அவளுக்குப் பாத்திரம் தேவையில்லை. அது முற்றிலும் பிறருக்கே உரியது. பாண்டவரின் அட்சய பாத்திரத்துடன் ஒப்பிட்டால் இவ்வேறுபாட்டின் முக்கியத்துவம் விளங்கும். அது திரௌபதி உண்ணும்வரை சுரந்து, அவள் உண்டபின் அன்றைக்கு ஓய்வது. ஓர் அரச குடும்பத்தின் விருந்தோம்பலுக்காக அமைந்தது. அமுதசுரபியோ தெருவுக்கும் அம்பலத்துக்கும் சிறைக்கோட்டத்துக்கும் உரியது. சங்ககாலப் புரவலனின் கொடை அவனது புகழை நாடியது; பெறுபவன் பாணனாகவோ புலவனாகவோ இருந்து பாடவேண்டியிருந்தது. இப்பாத்திரத்தின் முன் எவரும் பாடவேண்டியதில்லை. பசி ஒன்றே தகுதி. சிறைக்கோட்டத்தை அறக்கோட்டமாக்குமாறு மணிமேகலை வேந்தனிடம் கேட்டுப் பெறும் பகுதி, இக்கருவி உணவை மட்டுமன்றி நிறுவனங்களையும் மாற்றும் ஆற்றலுடையதெனச் சாத்தனார் கருதினார் என்பதைக் காட்டுகின்றது.

ஆகவே ஒரே தீவிலே இரண்டு தத்துவங்கள் எதிரெதிரே நிற்கின்றன. பீடிகை உலகம் ஏன் இவ்வாறு இருக்கின்றது என விளக்குகின்றது. பாத்திரம் அது வேறு விதமாகவும் இருக்கலாம் எனச் செய்து காட்டுகின்றது. சாத்தனார் பௌத்த அறவோர் என்ற வகையிலே இரண்டையும் ஒரே அறத்தின் இரு கூறுகளாக இணைக்க முயல்கின்றார். ஆயினும் இணைப்பின் தையல் கதையோட்டத்திலே பல இடங்களிற் பிரிந்து தெரிகின்றது.

அவற்றுள் முக்கியமானது ஆபுத்திரனின் வீழ்ச்சி. அவனது அறத்தின் செருக்கினைக் கண்டு சினந்த இந்திரன் அவனைத் தண்டிக்கக் கையாண்ட வழி யாது? மழை பெய்வித்தல். பன்னீராண்டு வற்கடத்தால் வாடிய பாண்டிநாடு மழையால் வளம் பெறுகின்றது. வயல் விளைகின்றது. உண்போர் வராமையால் பாத்திரம் பயனற்றதாகின்றது. காப்பியம் இதனை ஓர் அறவோனுக்கு நேர்ந்த துயராகக் கூறுகின்றது. நாமோ இதிலே கவிஞனையும் மீறி வெளிப்பட்ட ஓர் உண்மையைக் காண்கின்றோம். விளைச்சல் போதியதாகவும் அது மக்களைச் சென்றடைவதாகவும் இருக்குமிடத்தில் அற்புதத்துக்கும் தருமத்துக்கும் வேலையில்லை. தானத்தின் மேன்மை பஞ்சத்தின் இருப்பிலேயே தங்கியுள்ளது. உற்பத்தியைத் தொடாது பங்கீட்டை மட்டும் மாற்றும் எக்கனவுக்கும் உள்ள எல்லை இதுவே. நிலம் யாருடையது, குளம் யாருடையது, நெல் யாருடைய களஞ்சியத்தில் இருந்தது என்று அமுதசுரபி ஒருபோதும் கேட்கவில்லை.

அடுத்தது, அவன் மணிபல்லவத்தை வந்தடைந்த விதம். சாவக நாட்டிலே மழையின்றி உயிர்கள் மடிகின்றன எனக் கப்பலில் வந்தோர் கூறக் கேட்டு அவன் மரக்கலம் ஏறுகின்றான். காற்றின் காரணமாகக் கலம் மணிபல்லவத்தில் ஒருநாள் தங்குகின்றது. அவன் இறங்குகின்றான், அவன் ஏறிவிட்டான் என எண்ணிக் கலம் இரவிலே புறப்பட்டுவிடுகின்றது. பல்லுயிர் ஓம்பும் பாத்திரத்தை வைத்துக்கொண்டு தன் உயிர் ஒன்றையே காப்பதில் என்ன பயன் என வெறுத்து, ஆண்டுக்கு ஒருமுறை வெளித்தோன்றுக எனக் கூறி அதனைக் கோமுகிப் பொய்கையில் விட்டு, உண்ணாதிருந்து உயிர் விடுகின்றான். அவனைத் தேடித் திரும்பி வந்த ஒன்பது செட்டிகளும் அங்கேயே உயிர் நீத்தனர் என்றும் காப்பியம் பின்னர் கூறும். வற்றாத உணவு கையில் இருந்தும் பட்டினியால் ஒருவன் இறந்தான் என்னும் இம்முரண், செல்வம் என்பது பொருளன்று, மனிதரிடையேயான உறவு என்பதை எந்தப் பொருளியல் நூலுக்கும் குறையாத தெளிவுடன் உணர்த்துகின்றது. மக்களிடமிருந்து பிரிக்கப்பட்ட பாத்திரம் வெறும் ஓடு.

இக்கதையின் பௌதிக அடிப்படை கடல்வாணிகம் என்பதில் ஐயமில்லை. க. கைலாசபதி ‘நாடும் நாயன்மாரும்’ என்னும் கட்டுரையிலே, சமண பௌத்த சமயங்களுக்கும் வணிக வர்க்கத்துக்கும் இடையிலிருந்த நெருக்கத்தையும், பல்லவர் காலப் பக்தி இயக்கம் அவ்வர்க்கத்துக்கு எதிராக நிலவுடைமையாளர் தலைமையில் எழுந்தமையையும் எடுத்துக்காட்டியுள்ளார். வணிகக் காற்றுக்காகக் கப்பல்கள் காத்துநின்ற தீவொன்றே பௌத்தக் காப்பியத்தின் புண்ணியத் தலமாயிற்று. இப்பின்னணியை உறுதிப்படுத்தும் வரலாற்றுச் சான்று நயினாதீவிலேயே உள்ளது. அங்கு நாகபூசணி அம்மன் கோயிலிற் காணப்படுவதும், கா. இந்திரபாலாவால் 1963 இல் ஆராய்ந்து வெளியிடப்பட்டதுமான தமிழ்க் கல்வெட்டு, 1153 முதல் 1186 வரை ஆட்சி புரிந்த முதலாம் பராக்கிரமபாகுவின் ஆணையாகும். பரதேசிகள் ஊராத்துறையிலே, அதாவது இன்றைய ஊர்காவற்றுறையிலே, வந்திறங்கிப் பாதுகாப்புப் பெறவேண்டும் என்பதும், யானை குதிரை கொண்டுவரும் மரக்கலம் கெட்டால் நாலிலொன்று பண்டாரத்துக்கும் மூன்று கூறு உடையவனுக்கும், வாணிகச் சரக்குடன் வரும் மரக்கலம் கெட்டால் செம்பாதி பண்டாரத்துக்கும் செம்பாதி உடையவனுக்கும் உரியன என்பதும் அவ்வாணையின் சாரம்.

பொலனறுவையிலிருந்து ஆண்ட மன்னன் இத்துறையை நாடி வந்தோருக்குத் தமிழிலே ஆணை பிறப்பித்தான் என்பது, இன்றைய இனவாத வரலாற்றெழுத்துக்கள் யாவற்றுக்கும் போதிய மறுமொழியாகும். ஆயின் எமது பொருளுக்கு இன்றியமையாதது வேறொன்று. காப்பியத்திலே மரக்கலம் தவறவிட்டுச் சென்றவன் அனைத்தையும் அனைவருக்குமாகப் பொய்கையில் விட்டான். கல்வெட்டிலே உடைந்த மரக்கலத்தின் சரக்கு, அரசுக்கும் உடையவனுக்குமாகக் கால், முக்கால், அரை எனப் பங்கிடப்படுகின்றது. அரசுக்கு யானையும் குதிரையும் வேண்டியிருந்தமையால் அவற்றைக் கொணர்ந்தோருக்குச் சலுகை கூடியது. கரையொதுங்கியதைத் தூக்கி எடுத்த தீவகத்துக் கடற்றொழிலாளிக்கு இப்பங்கீட்டிலே பெயரில்லை. வரலாற்றில் நிலவிய சொத்துறவு கல்வெட்டிலும், அதன் மறுதலையான சாத்தியம் காப்பியத்திலும் பதிவாகியுள்ளன. இரண்டும் ஒரே தீவின் ஆவணங்களே.

இந்நிலை பிற்காலத்திலும் மாறவில்லை. ஒல்லாந்தர் காலத்தில் நெடுந்தீவு குதிரை வளர்ப்புக்குரிய இடமாயிற்று. அவர்தம் நகரொன்றின் பெயரே அதற்கு இடப்பட்டது. கட்டாக்காலிக் குதிரைகள் இன்றும் அங்கு மேய்கின்றன. நன்னீரும் நெல்லும் அரிதான தீவுகளிலே மக்களைக் காத்தது எந்த அமுதசுரபியுமன்று. பனையும் கடலுமே. ஒடியலும் ஒடியற் கூழும் பினாட்டும் உழைப்பினால் ஆக்கப்பட்ட உணவுகள். கிழங்கைத் தோண்டி, கிழித்து, வெயிலிற் காயவைத்து, இடித்து மாவாக்கும் பெண்களின் கைகளே அங்கு வற்றாத பாத்திரங்களாய் இருந்தன. அதுவும் போதாதபோது, வேலணை, புங்குடுதீவு முதலிய இடங்களைச் சேர்ந்தோர் கொழும்புக்கும் தென்னிலங்கைப் பட்டினங்களுக்கும் சென்று கடைகளும் சாப்பாட்டுக் கடைகளும் நடத்தினர். அமுதசுரபி தோன்றிய தீவகத்தவர் பிறருக்குச் சோறு விற்றுத் தம் வீட்டுக்குச் சோறு தேடினர் என்பது வரலாற்றின் முரணகையாகும்.

இன்று நாகபூசணி அம்மன் கோயிலின் அன்னதான மண்டபம் அமுதசுரபியின் பெயரையே தாங்கி நிற்கின்றது. ஆனி மாத மகோற்சவ காலத்திலே பல்லாயிரவர் அங்கு உண்கின்றனர். பாத்திரம் வெளித்தோன்றும் நாளாகக் காப்பியம் கூறும் வைகாசி விசாகத்தை ஒட்டி வரும் வெசாக் காலத்திலே, நாகதீப விகாரையை நோக்கிச் சிங்கள யாத்திரிகர் வருகின்றனர். தென்னிலங்கைத் தெருக்களிலே ‘தன்சல்’ என்னும் இலவச உணவுச் சாலைகளும் அக்காலத்திலேயே திறக்கப்படுகின்றன. இரு மக்களினத்தவரிடத்தும் பாத்திரத்தின் நினைவு உயிர்வாழ்கின்றது எனலாம். ஆனால் அத்தீவைப் பற்றி எழும் வாதங்கள் நயினாதீவா நாகதீபமா, பீடம் எமதா உமதா என்றே எழுகின்றன. நாக அரசர் இருவரின் போர் ஓயவில்லை. கலேவலாவிலும் சம்போவைக் கைப்பற்ற நிகழ்ந்த போரிலே அது கடலில் வீழ்ந்து உடைந்தது என்பதை இங்கு நினைவுகூர்தல் பொருந்தும்.

பெயரைச் சூட்டுவதனால் மட்டும் பாத்திரம் கைவந்துவிடாது. யார் எவருடன் ஒரே பந்தியில் இருந்து உண்ணலாம் என்பதே யாழ்ப்பாணச் சமுதாயத்தின் மிகக் கொடிய வினாவாக நீண்டகாலம் இருந்தது. 1930 ஐ ஒட்டிய ஆண்டுகளிலே உதவி பெறும் பாடசாலைகளிற் சம ஆசனம் வழங்கப்படவேண்டும் என்ற பணிப்புக்கு எதிராகச் சாதிமான்கள் கிளர்ந்தனர். சமூகக் குறைபாடுகளை ஒழிக்கும் சட்டம் 1957 இல் நிறைவேறிய பின்னரும், தேநீர்க் கடைகளிலே ஒடுக்கப்பட்ட மக்களுக்கு வேறு பாத்திரமே நீட்டப்பட்டது. 1966 ஒக்டோபரிற் சுன்னாகத்திலிருந்து யாழ்ப்பாணம் நோக்கிச் சென்ற ஊர்வலமும், அதனைத் தொடர்ந்த தேநீர்க் கடைப் பிரவேசங்களும், 1968 இல் மாவிட்டபுரம் கந்தசுவாமி கோயில் வாயிலில் நிகழ்ந்த போராட்டமும் அந்நிலையை உடைக்கத் தொடங்கின. ஒரே குவளையில் தேநீர் வேண்டும் எனக் கேட்டு அடியுண்ட அம்மக்களே, ஆபுத்திரன் பொய்கையில் விட்ட பாத்திரத்தை உண்மையிலே தேடியவர்கள். அவர்கள் எந்தத் தெய்வத்தையும் எதிர்பார்த்து நிற்கவில்லை. தாமே வீதியில் இறங்கினர். இங்கு கனவின் உள்ளடக்கம் மாறவில்லை. அதனை நனவாக்கும் கருவி மாறியது. முன்னர் அற்புதமாய் இருந்தது இப்பொழுது அமைப்பாகத் திரண்ட மக்களின் செயலாயிற்று.

மணிபல்லவம் எது என்னும் ஆராய்ச்சி தொடரட்டும். புதைபொருளாய்வும் சாசனவியலும் அதற்கு மேலும் ஒளி தரக்கூடும். ஆயினும் அம்முடிவு எவ்வாறாயினும், அப்பெயருடன் இணைந்த இரண்டு கருவிகளுள் எதனை எமது மரபெனக் கொள்கின்றோம் என்பது எம்மைப் பொறுத்ததாகும். பீடிகையைத் தெரிந்தால், பழமையிலே உரிமை தேடி அயலவனுடன் பொருதுவதும், இன்றைய ஏற்றத்தாழ்வுக்கு நேற்றைய வினையைக் காரணங்காட்டுவதும் எஞ்சும். பாத்திரத்தைத் தெரிந்தால், அது கேளாது விட்ட கேள்விகளையும் சேர்த்து நாம் கேட்டாக வேண்டும்: நிலம் யாருடையது, நீர் யாருடையது, பந்தியில் யாருக்கு இடமில்லை? சாத்தனார் காலத்துச் சமுதாயம் இவற்றைக் கேட்கும் நிலையில் இருக்கவில்லை. எமது காலத்துக்கு அச்சாக்கு இல்லை.